முன்பணம் 30,000, பாக்கி 41,500: கடலூர் – பாகூர் எல்லையில் ஒரு செங்கல் சூளை மீட்பு

நிகழ்வு ஆய்வு. ஆட்களின் பெயர், ஊர், சூளையின் பெயர், அலுவலகங்களின் அடையாளம் ஆகியவை தரப்படவில்லை. நாள்கள், கணவர் துக்க வீட்டிலேயே தங்கிவிட முடிவெடுத்த நாளை முதல் நாளாகக் கொண்டு எண்ணப்பட்டுள்ளன.

பின்னணி

கடலூர் மாவட்டமும் புதுச்சேரியின் பாகூர் கொம்யூனும் (உள்ளாட்சிப் பகுதி) ஒன்றுக்குள் ஒன்று செருகிக் கிடப்பவை. ஒரு தெரு தமிழ்நாடு, அடுத்த தெரு புதுச்சேரி என்று இருக்கும். அங்கே வசிக்கும் இருளர் குடும்பங்களுக்குப் பெண் கொடுப்பதும் எடுப்பதும் இரண்டு பக்கமும் உண்டு. வேலையும் அப்படித்தான்: தைக்குப் பிறகு சூளையில் கல் அறுப்பு (மண்ணை அச்சில் இட்டுச் செங்கல் செய்வது), மற்ற நாள்களில் சவுக்கு வெட்டு, கரும்பு வெட்டு, வேலிகாத்தான் முள்மரத்தை எரித்துக் கரியாக்கும் கரிமூட்டம். சாதிச் சான்றும் குடும்ப அட்டையும் மட்டும் எல்லையைத் தாண்டுவதில்லை. தமிழ்நாட்டில் இருளர் பழங்குடிப் பட்டியலில் நெடுங்காலமாக இருக்கிறார்கள். புதுச்சேரியில் 2016இல்தான் சேர்க்கப்பட்டார்கள். இந்த வேறுபாடு பின்னால் வழக்கைத் தொட்டது.

முன்பணம் ஒரு ஆளை எப்படிக் கட்டுகிறது என்பதற்குச் சட்டத்திலேயே ஒரு பழைய தடம் உண்டு. 1843ஆம் ஆண்டின் 5ஆம் சட்டம், ஒருவரை அடிமை என்று உரிமை கோரி நீதிமன்றம் போவதை முடித்துவைத்தது. அடிமையாக வாங்குவதும் விற்பதும் குற்றமானது 1860இன் தண்டனைச் சட்டத்தால். ஆனால் இடையில், 1859இல், வேறொரு சட்டம் வந்தது. முன்பணம் வாங்கிய தொழிலாளி வேலையை விட்டுப் போனால், முதலாளி குற்றவியல் நடுவரிடம் முறையிடலாம். பணத்தைத் திருப்பு அல்லது வேலையை முடி என்று நடுவர் ஆணையிடுவார். மறுத்தால் 3 மாதம் வரை கடுங்காவல். அடிமை என்ற சொல் போய், கடன்காரன் என்ற சொல் அதன் இடத்தில் உட்கார்ந்தது. அந்தச் சட்டத்தை நீக்கும் சட்டம் 1925இல் வந்தது. ‘அட்வான்ஸ் வாங்கிட்டு ஓடிட்டான்’ என்று காவல் நிலையத்தில் இன்றும் எழுதப்படும் புகாரில் அதன் குரல் அப்படியே கேட்கிறது. இந்த நிகழ்விலும் கேட்டது.

கொத்தடிமைத் தொழிலாளர் முறை (ஒழிப்பு) சட்டம், 1976 இதை நேர் எதிராகத் திருப்பியது. பிரிவு 6இன்படி கொத்தடிமைக் கடன் செத்த கடன். அதை வசூலிப்பதே பிரிவு 9இன்படி குற்றம். பிரிவு 15இன்படி, அது கொத்தடிமைக் கடன் அல்ல என்று மெய்ப்பிக்க வேண்டியவர் கடன் கொடுத்தவர்.

சூளையில் இருந்த நிலை

மொத்தம் 5 குடும்பம், 21 பேர். முதலில் வெளியே வந்தது ஒரு குடும்பம்: கணவர், மனைவி, மனைவியின் தம்பி (வயது 17), 11 வயது மகள், 7 வயது மகன். மருத்துவச் செலவுக்காக மார்கழியில், சூளைக்கு ஆள் சேர்க்கும் மேஸ்திரியிடம் 30,000 ரூபாய் வாங்கி, பொங்கல் கழிந்து சூளைக்குப் போனார்கள்.

மாலையில் மண்ணை ஊறவைப்பது, பின்னிரவு 2 மணிக்கு எழுந்து மிதிப்பது, விடியும் முன் அச்சுப் போடத் தொடங்கி வெயில் ஏறும் வரை அறுப்பது, மாலையில் காய்ந்த கல்லைத் திருப்பி அடுக்குவது என்பது ஒரு நாள் வேலை. கல் திருப்பியது 11 வயதுச் சிறுமி. மூன்று பேர் உழைப்பில் நாளுக்குச் சுமார் 1,200 கல்.

பேசிய கூலி 1,000 கல்லுக்கு 600 ரூபாய். ‘கழிவு’ என்று ஆயிரத்துக்கு நூறு கல் கணக்கிலிருந்து எடுக்கப்பட்டது. வாரத்துக்கு 6 நாளில் 7,200 கல். கழிவு போக 6,480. கூலி 3,888 ரூபாய். கையில் கொடுத்த வாரச் செலவு 1,500. மீதி 2,388 முன்பணத்தில் கழிய வேண்டும். மழையில் நின்ற 4 நாள் கூலியைக் கழித்துவிட்டுப் பார்த்தாலும் 14ஆம் வாரத்தில் 30,000 தீர்ந்திருக்கும். 15ஆம் வார முடிவில் முதலாளிதான் இவர்களுக்கு 3,228 ரூபாய் தர வேண்டியிருந்தது.

அதே நாளில் சூளை நோட்டில் இருந்த பாக்கி: 41,500.

நோட்டைப் பிறகு பார்த்தபோது காரணம் தெரிந்தது. அதில் பற்று மட்டும் எழுதப்பட்டிருந்தது, வரவுக்கு இடமே இல்லை. ‘கல் கணக்கு சீசன் கடைசியில பாத்துக்கலாம்’ என்பது பேச்சு. பற்றுப் பக்கத்தில் 30,000த்தின் மேல் ஏறியவை: மருந்துக்கு 2,500, மழை நாள் சாப்பாட்டுக்கு 1,000, மேஸ்திரி கமிஷன் 3,000, பிறகு ஒரு 5,000. இந்தக் கடைசித் தொகைதான் முழு ஏற்பாட்டையும் காட்டியது. மாசியில் ஆறாவது குடும்பம் ஒன்று இரவோடு இரவாகக் கிளம்பிவிட்டது. அதன் பாக்கி 25,000 ரூபாயை மிச்சமிருந்த ஐந்து குடும்பத்தின் தலையிலும் சமமாகப் பிரித்து ஏற்றினார்கள். ஒருவர் ஓடினால் மற்றவர் சுமக்க வேண்டும் என்றால், காவல்காரர் தேவையில்லை. பக்கத்துக் குடிசையே காவல்.

வெளியே போவதற்கும் இதே விதி. சந்தைக்கு ஒரு ஆள், மருத்துவமனைக்கு ஒரு ஆள், மற்றவர்கள் சூளையில். அந்த ஆள் திரும்பும் வரை மனைவியும் பிள்ளையும் பிணை. வாரச் செலவை உழைத்த மூன்று பேருக்கும் பிரித்தால் ஆளுக்கு, வேலை நாளுக்கு 83 ரூபாய். குறைந்தபட்சக் கூலிக்கு எட்டாத தொலைவு. சட்டத்தின் வரையறைக்கு, முன்பணத்தோடு நான்கு இழப்புகளில் ஒன்று இருந்தாலே போதும்: கூலி இல்லாமலோ பெயரளவுக் கூலிக்கோ உழைப்பது, வேறு வேலைக்குப் போகும் உரிமை போவது, நடமாடும் உரிமை போவது, விளைந்ததைச் சந்தை விலைக்கு விற்கும் உரிமை போவது. இங்கே முதல் மூன்றும் இருந்தன.

எழுதப் படிக்கத் தெரியாத மனைவி தனக்கென்று ஒரு கணக்கு வைத்திருந்தார். குடிசையின் தகரக் கதவுக்கு உள்பக்கம், ஆயிரம் கல்லுக்கு ஒரு கரிக்கோடு. மேஸ்திரிக்கு அது தெரியாது.

முதல் நாள்: துக்கத்துக்குப் போனவர் திரும்பவில்லை

16ஆம் வாரத்தில் பாகூர்ப் பக்கம் பெரியப்பா இறந்த துக்கத்துக்குக் கணவருக்கு மட்டும் இரண்டு நாள் அனுமதி கிடைத்தது. அங்கே உறவினரிடம் விவரம் சொன்னார். திரும்பிப் போகாமல் புகார் கொடுப்பதா, போய் அழைத்து வருவதா என்பது முதல் முடிவு. போனால் தானும் உள்ளே அடைபடுவார். போகாவிட்டால் மனைவி, பிள்ளைகள் மீது கோபம் திரும்பும். போகவில்லை. ஆனால் ‘உடம்பு சரியில்லை, காரியம் முடிந்து வருகிறேன்’ என்று மேஸ்திரிக்குத் தொலைபேசியில் சொல்லப்பட்டது. மனைவிக்கான ஆபத்தைச் சில நாள் தள்ளிப்போட்டது அந்த ஒரு அழைப்புதான்.

3ஆம் நாள் உறவினர் வீட்டுக்குக் காவல் நிலையத்திலிருந்து அழைப்பு வந்தது. முன்பண மோசடி என்று சூளைத் தரப்பு புகார் கொடுத்திருந்தது.

4ஆம் நாள்: மனு யாரிடம்

காவல் நிலையத்தில் ஏற்கெனவே எதிர்ப்புகார் இருந்ததால் முதல் மனு அங்கே போகவில்லை. சட்டம் இந்தப் பொறுப்பை மாவட்ட ஆட்சியர் மீதும் அவர் அதிகாரம் அளித்த அலுவலர் மீதும் வைக்கிறது. ஆகவே ஆட்சியருக்கும் கோட்டாட்சியருக்கும் நேரில் மனு. திங்கள்கிழமை குறைதீர் கூட்டத்தில் கொடுக்கலாம் என்று உறவினர்கள் சொன்னார்கள். அது வேண்டாமென்று முடிவானது, சரியான முடிவும்கூட. கூட்டத்தில் கொடுத்த மனு எண் வாங்கி, வட்டாட்சியர் வழியாகக் கிராம நிர்வாக அலுவலர் வரை இறங்கும். அவர் முதலில் தொலைபேசியில் விசாரிப்பது சூளைக்காரரைத்தான்.

மனுவில் இருந்தவை: சூளைக்குப் போகும் வழி, பிரதான சாலையிலிருந்து தூரம், ஆட்களின் எண்ணிக்கை வயதோடு, யார் அழைத்துப் போனது, முன்பணம் வாங்கிய மாதம், யார் யாரை வெளியே விடுவதில்லை. முதல் பத்தியிலேயே ‘30,000 ரூபாய் கடன்’ என்றும் எழுதப்பட்டிருந்தது. அதன் விளைவு இரண்டு நாளில் தெரிந்தது.

6ஆம் நாள்: ஆய்வு

கோட்டாட்சியர், வட்டாட்சியர், தொழிலாளர் துறை, காவல் துறை, குழந்தைகள் பாதுகாப்பு அலகு ஆகியோர் சேர்ந்த குழு காலை 11 மணிக்குச் சூளையை அடைந்தது. கல் அறுப்பு முடிந்து ஆட்கள் குடிசைக்குள் இருக்கும் நேரம் அது. பின்னிரவு வேலையை யாரும் கண்ணால் பார்க்கவில்லை. 20 பேர் இருக்க வேண்டிய இடத்தில் 16 பேர் இருந்தார்கள். நான்கு பேர் கொண்ட ஐந்தாவது குடும்பம் முந்திய இரவே டிராக்டரில் ஏற்றிக் கடலோரச் சவுக்குத் தோப்புக்கு அனுப்பப்பட்டிருந்தது. செய்தி எங்கிருந்தோ கசிந்திருக்கிறது. வாகனம் கேட்டு முந்திய நாள் மாலையில் போன அழைப்புகள் அதிகம் என்பது மட்டும் உறுதி.

சூளை முன்னாலேயே விசாரணை தொடங்கியது. முதல் கேள்வி: ‘எவ்வளவு பாக்கி?’

அதோடு பேச்சு முழுவதும் பணத்தின் பக்கம் சாய்ந்தது. நோட்டு வந்தது. ‘நான் புடிச்சு வெக்கல சார், கணக்க முடிச்சிட்டுப் போகட்டும்’ என்றார் முதலாளி. கேட்க நியாயமாகவே இருந்தது. மூன்று குடும்பம் விருப்பத்தோடுதான் இருப்பதாகச் சொன்னது. ‘நீங்க கொத்தடிமையா?’ என்று நேராகக் கேட்டபோது, ஒரு பெரியவர் சட்டென்று ‘நாங்க அடிமை இல்ல சார், பாடுபட்டுச் சாப்புடறவங்க’ என்றார். அவர் பொய் சொல்லவில்லை. அந்தச் சொல் சட்டத்தில் ஒரு நிலையைக் குறிக்கிறது, தெருவில் அது வசவு. அதை ஒப்புக்கொள்ளச் சொல்லி யாரிடமும் கேட்கக் கூடாது.

விசாரணையை நிறுத்தி அனைவரையும் வேறிடத்துக்கு அழைத்துப் போவது என்று கோட்டாட்சியர் எடுத்த முடிவில்தான் நிகழ்வு திரும்பியது. உடைமைகளோடு வண்டி ஏறினார்கள். பாத்திரம், துணி, அடையாள அட்டைகள் வந்தன. தகரக் கதவு வரவில்லை, யாரும் அதைப் படம் எடுக்கவும் இல்லை.

அன்று மாலை: தனித்தனி வாக்குமூலம்

வட்டாட்சியர் அலுவலகத்தில் முதலில் சாப்பாடு. பிறகு ஆண், பெண் தனித்தனியாக. பெண்களிடம் பெண் அலுவலர். கேள்விகளின் வரிசை மாற்றப்பட்டது. எத்தனை மணிக்கு எழுவீங்க? பொங்கலுக்குப் பிறகு ஊருக்குப் போனது எப்போ? பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தப்ப யாரு கூட்டிட்டுப் போனது, மத்தவங்க எங்க இருந்தீங்க? பக்கத்துச் சூளையில 700 ரூபா தர்றாங்கன்னா நாளைக்கே போக முடியுமா?

கடைசிக் கேள்விக்கு நான்கு குடும்பமும் ஒரே பதில் சொன்னது. ‘கணக்கு முடிஞ்சாத்தாம்மா உடுவாங்க.’ கணக்கு எப்போது முடியும் என்று ஒருவருக்கும் தெரியவில்லை. காலையில் விருப்பத்தோடு இருப்பதாகச் சொன்ன மூன்று குடும்பத்தின் வாக்குமூலமும் இதில் அடக்கம். ஓடிப்போன குடும்பத்தின் 5,000 பங்கும் அப்போதுதான் வெளிவந்தது; நான்கு பேர் தனித்தனியாக ஒரே தொகையைச் சொன்னது பின்னால் வலுவான சான்றானது.

கட்டாய வேலை என்று காட்டப்பட்டுவிட்டால் முன்பணம் கொடுக்கப்பட்டதாக ஊகிக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் பந்துவா முக்தி மோர்ச்சா வழக்கில் சொல்லியிருக்கிறது. குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே வேலை வாங்குவதே அரசியலமைப்பின் 23ஆம் கூறுக்கு எதிரான கட்டாய உழைப்பு என்று அதற்கு முன்பே, 1982இல், ஆசியப் போட்டிக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில் சொல்லிவிட்டது. ஆகவே விசாரிப்பவர் கடன் பத்திரத்தைத் தேடி நேரம் செலவிடத் தேவையில்லை. கூலி குறைந்ததையும் நடமாட்டம் தடுக்கப்பட்டதையும் நிறுவினால் போதும்.

7 முதல் 20ஆம் நாள் வரை: சான்றிதழில் வந்த பிழைகள்

7ஆம் நாள், கொத்தடிமை நிலையிலிருந்து விடுவிக்கப்பட்டவர் என்பதற்கான விடுதலைச் சான்றிதழ் வழங்கப்பட்டது, குடும்பத் தலைவர் பெயரில், குடும்பத்துக்கு ஒன்று. மொத்தம் 4. நடைமுறையில் இதுதான் அதிகம் நேரும் பிழை. குடும்ப அட்டை பார்த்துப் பழகிய கை அப்படித்தான் எழுதும். ஆனால் மறுவாழ்வு நிதி ஆளுக்கு ஆள் தனி: மத்தியத் திட்டத்தில் ஆணுக்கு 1 லட்சம், பெண்ணுக்கும் குழந்தைக்கும் 2 லட்சம், கடத்தலும் கொடிய சுரண்டலும் சேர்ந்த நிலைகளிலும் மாற்றுத்திறனாளி, திருநங்கை ஆகியோருக்கும் 3 லட்சம். மனைவி பெயரில் சான்றிதழ் இல்லையென்றால் சட்டத்தின் கண்ணில் அவர் சூளையில் இருக்கவே இல்லை.

திருத்தக் கோரிக்கை எழுத்தில் போனது. 17 வயதுத் தம்பிக்கு ஆதாரில் 19 என்று இருந்தது. இளைஞர் நீதிச் சட்டத்தின் பிரிவு 94 வயதுக்குப் பள்ளிச் சான்றையே முதலில் பார்க்கச் சொல்கிறது; படிப்பை இடையில் விட்ட பள்ளியிலிருந்து மாற்றுச் சான்றிதழ் வாங்க 6 நாள் ஆனது. 11 வயதுச் சிறுமி கல் திருப்பியதைக் குழந்தைகள் நலக் குழு பதிவு செய்தது. 20ஆம் நாள் திருத்திய பட்டியலில் 10 பேர்: நான்கு தம்பதிகள், தம்பி, சிறுமி.

வழக்குப் பதிவு

முதல் தகவல் அறிக்கையில் 1976ஆம் ஆண்டுச் சட்டத்தின் பிரிவுகள் 16, 17, 18 மட்டும் இருந்தன. ஒவ்வொன்றுக்கும் 3 ஆண்டு வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம். அரை நூற்றாண்டாக மாறாத தொகை. பிணையில் வரக்கூடிய குற்றம் என்பதால் முதலாளி அன்றே வெளியே வந்தார். ஆளைக் கடத்திச் சுரண்டுவதற்கான இந்தியத் தண்டனைச் சட்டப் பிரிவு 370 சேர்க்கப்படவில்லை. (1.7.2024 முதல் நடந்த குற்றமானால் அதன் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதாவின் பிரிவு 143.) ஏழ்மையைப் பயன்படுத்தி, முன்பணம் காட்டி அழைத்துப்போய் அடைத்துவைத்தால் அந்தப் பிரிவு பொருந்தும் என்று மனுக் கொடுத்துக் கேட்ட பிறகே சேர்ந்தது.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் பிரிவு 3(1)(h), பட்டியல் சாதியினரையோ பழங்குடியினரையோ கொத்தடிமையாக வேலை வாங்குவதைக் குற்றமாக்குகிறது. அதைச் சேர்த்தால் விசாரணை துணைக் கண்காணிப்பாளர் நிலைக்குப் போகும், தனி நிவாரணமும் உண்டு. இங்கேதான் எல்லை குறுக்கிட்டது: முதல் குடும்பத்தின் சான்று புதுச்சேரியில் வாங்கியது, குற்றம் நடந்தது தமிழ்நாட்டில், பட்டியல்கள் மாநிலவாரி. இந்த விவாதத்துக்குள் இறங்காமல், தமிழ்நாட்டுச் சான்று வைத்திருந்த இன்னொரு குடும்பத்தைப் புகார்தாரராக முன்வைத்துப் பிரிவு சேர்க்கப்பட்டது. முன்பண மோசடிப் புகார், கொத்தடிமைக் கடனுக்கு நீதிமன்றமோ காவல் நிலையமோ துணைநிற்க முடியாது என்று எழுத்தில் சுட்டிய பின் முடித்துவைக்கப்பட்டது.

இதற்கிடையில் 8ஆம் நாள் சூளையில் குடிசைகள் பிரிக்கப்பட்டன. கரிக்கோட்டுக் கதவும் போனது. மனைவியின் வாக்குமூலத்தில் அதைப் பற்றிய நான்கு வரி மட்டும் இருக்கிறது.

ஐந்தாவது குடும்பம்

15ஆம் நாள் சவுக்குத் தோப்பில் கண்டுபிடிக்கப்பட்டார்கள். சூளையில் ஆய்வு நடந்தபோது அங்கே இல்லை என்பதால் சான்றிதழ் தர முடியாது என்று முதலில் பதில் வந்தது. அதே நோட்டில் இவர்கள் பெயரும் 5,000 பங்கும் இருந்ததைக் காட்டியதும் தனி விசாரணைக்கு ஒப்புக்கொண்டார்கள். சான்றிதழ் வந்தது 58ஆம் நாள். அதற்குள் இன்னொரு மேஸ்திரியிடம் 10,000 வாங்கிக் கரிமூட்ட வேலைக்குப் போய்விட்டார்கள். இதை அவர்களின் பொறுப்பின்மை என்று ஒரு கோப்பில் எழுதியிருக்கிறது. கையில் அரிசி இல்லாத வீட்டுக்கு அந்த நாள்களில் வந்த ஒரே பணம் அது.

பணம் வரும் வரை

உடனடி உதவி ஆளுக்கு 30,000 ரூபாய் வரை. முன்பு 20,000 ஆக இருந்தது. மீட்ட மாவட்டமே தர வேண்டும், வழக்கின் முடிவுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. இதற்காகவே மாவட்டத்தில் 10 லட்சம் ரூபாய் சுழல்நிதி இருக்க வேண்டும். 10 பேருக்கும் பணம் ஏறியது 41ஆம் நாள். தாமதத்துக்குப் பெரும் காரணம் சில்லறைச் சங்கதி: நான்கு பேரின் வங்கிக் கணக்கு பயன்பாட்டில் இல்லாமல் முடங்கியிருந்தது, இரண்டு பேரின் பெயர் ஆதாரில் ஒரு மாதிரி, சான்றிதழில் ஒரு மாதிரி. அதுவரை சாப்பாடு உறவினர் வீட்டுக் கடனில் ஓடியது. இரண்டு குடும்பத்துக்குத் தமிழ்நாட்டில் குடும்ப அட்டை இல்லை, புதுச்சேரியிலும் பெயர் நீக்கப்பட்டிருந்தது.

மீதி நிதி வழக்கோடு பிணைந்தது. ஆனால் ஆட்சியர் முதல்நிலையில் கொத்தடிமை என்று முடிவெடுத்திருந்தால், தண்டனை விவரம் இல்லை என்ற காரணத்துக்காக முன்மொழிவை நிறுத்தக் கூடாது என்று திட்டமே சொல்கிறது. அந்த வரியை மேற்கோள் காட்டிய கடிதத்துக்குப் பிறகு முன்மொழிவு சென்னைக்குப் போனது. குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டது, விசாரணை முடியவில்லை. நான்கு குடும்பத்தில் மூன்று மறு ஆண்டு சூளைக்குப் போகவில்லை. ஒன்று போனது, முன்பணம் வாங்காமல், வாரக் கூலிக்கு.

அடுத்த முறைக்கு

ஆய்வு விடிகாலை 4 மணிக்கு இருக்க வேண்டும். வேலை நடப்பதைக் கண்ணால் கண்ட அறிக்கைக்கு நிகரான சான்று இல்லை. வாகன ஏற்பாடு வேறு காரணம் சொல்லி, வேறு வட்டத்திலிருந்து. இடத்தின் பெயர் கிளம்பும் வரை இருவருக்கு மேல் தெரியக் கூடாது.

கிளம்பும் முன் ஒவ்வொரு குடிசையையும் உள்ளும் புறமும் படம் எடுக்க ஒரு ஆளை இதற்கென்றே நியமிக்க வேண்டும்: சுவர், கதவு, அச்சு, அடுக்கிய கல், நோட்டின் எல்லாப் பக்கமும். எழுதத் தெரியாதவர்கள் கணக்கு வைத்திருப்பார்களா என்று யாரும் கேட்காததால்தான் அந்தக் கதவு போயிற்று. ‘எத்தனை கல் அறுத்தீங்க, எப்படி ஞாபகம் வெச்சீங்க?’ என்பது வாக்குமூலத்தின் நிலையான கேள்வியாக வேண்டும்.

முதல் சான்றிதழ் பட்டியலிலேயே பெண்கள், வேலை செய்த பிள்ளைகள் பெயர் தனித்தனியாக இருக்கிறதா என்று ஒப்பமிடும் முன் சரிபார்க்க வேண்டும். வங்கிக் கணக்கை மீட்பு நாளன்றே சோதித்து, முடங்கியிருந்தால் மறுநாளே புதுக் கணக்கு. முதல் வார அரிசிக்கு உடனடி உதவியை நம்பக் கூடாது. வட்டாட்சியரிடம் மீட்பு நாளிலேயே கையில் வாங்க வேண்டும்.

ஓராண்டு கழித்து அதே மனைவி, கரிமூட்டத்தில் இருந்த ஐந்தாவது குடும்பத்துக்காகக் கோட்டாட்சியரிடம் ஒரு மனு கொண்டுபோனார். எழுதிக் கொடுத்தது அவர் மகள். முதல் பத்தியில் எத்தனை பேர், எத்தனை மணிக்கு எழுகிறார்கள், யாரை வெளியே விடுவதில்லை என்று இருந்தது. வாங்கிய 10,000 ரூபாய் மூன்றாம் பக்கத்தில், கடைசி வரியில் வருகிறது.